பூனைக்குட்டியின் பங்கு

இறைவனை அடைவதில் ஆன்மாவின் பங்கு எவ்வளவு என்ற கேள்விக்குத் தமிழ்நாட்டு வைணவம் இரண்டு தாய் விலங்குகளைக் காட்டி விடை சொல்லியிருக்கிறது. இறைவனே கதி என்று தன்னை ஒப்படைக்கும் பிரபத்தி, அதாவது சரணாகதி, இராமானுசருக்குப் பின்வந்த ஆசாரியர்கள் அனைவருக்கும் பொதுவாயினும், அந்த ஒப்படைப்பும் ஆன்மா செய்தாகவேண்டிய ஒரு செயலா என்பதில் கருத்து பிரிந்தது. தாய்க்குரங்கைக் குட்டி தானே பற்றிக்கொள்வதைப்போல் ஆன்மாவும் பற்றவேண்டும் என்னும் மர்க்கட நியாயம், வேதாந்த தேசிகர் (1268–1369) வழிவந்த வடகலையோடு சேர்த்துச் சொல்லப்படுவது. தாய்ப்பூனை குட்டியைத் தானே கவ்விச் செல்வதைப்போல் இறைவனே காக்கிறான் என்னும் மார்ஜார நியாயம், பிள்ளை உலகாசிரியரின் ஸ்ரீவசனபூஷணத்தையும் அதற்கு மணவாள மாமுனிகள் (1370–1443) அருளிய உரையையும் போற்றும் தென்கலைக்கு உரியது.

மார்ஜார நியாயம் சோம்பலுக்கு இடம்கொடுக்கிறது என்று குறைகூறுவோர், பூனைக்குட்டியைச் சரியாகப் பார்க்கவில்லை என்றே சொல்லவேண்டும். பிறந்த குட்டிக்குக் கண் திறந்திராது, காது மடிந்திருக்கும், உடற்சூட்டைத் தானே காத்துக்கொள்ள இயலாது, தாய் அடிவயிற்றை நக்கிவிட்டாலொழியச் சிறுநீரும் கழியாது. ஆயினும் அது தலையை இருபுறமும் ஆட்டிக்கொண்டு, சூட்டையும் மணத்தையும் துணையாகப் பற்றித் தாய்மடியை நோக்கி ஊர்கிறது, விலகிப்போனால் கத்துகிறது. அந்தக் கத்தல் குட்டியின் இயல்பேயன்றித் தாயன்பை வாங்கக் கொடுக்கும் விலை அன்று. தென்கலை ஆசாரியர்கள் பிரபத்தியை உபாயமாக, அதாவது அருளைப் பெறும் கருவியாகக் கொள்ளாமல், அதிகாரி விசேஷணம், அதாவது அருளுக்கு உரியவனிடம் காணும் அடையாளம் என்று கொண்டதன் கருத்தும் இதுவே. தாய் பிடரித் தோலைக் கவ்வித் தூக்கியதும் குட்டி திமிறாமல் உடலைத் தளர்த்தி, பின்னங்கால்களையும் வாலையும் வயிற்றோடு மடக்கிக்கொள்கிறது. விலக்காமை என்று அவர்கள் குறித்தது, வருகிற அருளைத் தடுக்காத இந்த இசைவைத்தான். தேசிகரும் ஆன்மாவின் செயலை அருளுக்கு ஈடான விலையாக்கவில்லை. வியாஜம், அதாவது இறைவன் அருள்வதற்கு ஒரு சாக்கு, என்ற அளவிலேயே வைத்தார் என்பதையும் மறக்கலாகாது.

உவமைக்கு ஓர் எல்லை உண்டு. நலிந்த குட்டியைச் சில தாய்ப்பூனைகள் ஒதுக்கிவிடுவதுண்டு. இறைவனோ நலிவையும் குற்றத்தையும் காரணமாக்கி ஒருவரையும் கைவிடுவதில்லை என்பதே இரு கலையாரும் நம்புவது. ஆனால் இறைவனின் வாத்சல்யத்துக்கு, அதாவது தாய் போன்ற பரிவுக்கு, அடியாரின் குற்றத்தைக் காணாதிருத்தல் என்று வடகலையார் பொருள்கொள்ள, அக்குற்றத்தையே விரும்பி ஏற்றல் என்று தென்கலையார் கொள்கின்றனர். பிந்தைய கருத்து கேட்பவருக்கு முதலில் மிகையாகத் தோன்றலாம். தாய் ஒதுக்கிய குட்டியை எடுத்து வளர்ப்பவரிடம் அது மிகையாகத் தோன்றாது. சில்லிட்டுப்போன உடலுக்கு முதலில் சூடேற்றி, அதன்பின்னரே குட்டிகளுக்கான பால்மாவைக் கரைத்துப் புகட்டி, இரண்டு மூன்று மணிக்கு ஒருமுறை இரவிலும் எழுந்து, வெதுவெதுப்பான நீரில் நனைத்த பஞ்சால் அடிவயிற்றைத் தடவிவிடும் அவர், பஞ்சில் சிறுநீரின் மஞ்சள் படிந்ததைக் கண்டு அருவருப்பதில்லை, குட்டி பிழைத்துக்கொள்ளும் என்று மகிழ்கிறார்.