ஒற்றிக்குச் சென்ற நாட்கள்

தமிழில் ‘கடன்’ என்னும் சொல்லுக்கு இரு பொருள் உண்டு. பிறரிடம் வாங்கித் திருப்பித் தரவேண்டிய பொருளும் கடன். ஒருவர் தம் நிலைக்கேற்பச் செய்தே தீரவேண்டிய செயலும் கடன். தாய், தந்தை, கொல்லன், வேந்தன், மகன் ஆகிய ஐவருக்கும் உரிய கடன்களைப் பொன்முடியார் வகுத்துரைக்கும் புறநானூற்றுப் பாடலில் அச்சொல் இரண்டாவது பொருளில் நிற்கின்றது. வாங்கியதைத் திருப்பித் தருவதும் கடமைகளுள் ஒன்றாதலின், இவ்விரு பொருளும் ஒரு சொல்லில் உடன் உறைவதில் வியப்பில்லை. ஆயின், முதற்பொருளில் வரும் கடன் ஒன்று பெருகி, இரண்டாம் பொருளில் வரும் கடன்களையெல்லாம் விழுங்கத் தொடங்கினால் என் செய்வது? இந்நாளில் நடுத்தரக் குடும்பத்தார் தம் வாழ்நாளில் பெறும் கடன்களுள் மிகப் பெரியதாகிய வீட்டுக் கடனை முன்வைத்து இவ்வினாவை ஆராய்வோம்.

கணக்கு காட்டுவது

ஒருவர் 50 இலட்ச ரூபாயை ஆண்டுக்கு 9 சதவீத வட்டியில், 20 ஆண்டுகளில் அடைப்பதாகக் கடன் பெறுகிறார் எனக் கொள்வோம். அவர் செலுத்தவேண்டிய மாதத் தவணை 44,986 ரூபாய். இருநூற்று நாற்பது தவணைகளும் முடியும்போது அவர் செலுத்திய மொத்தத் தொகை ஏறத்தாழ 1 கோடியே 8 இலட்சம். அதில் வட்டி மட்டும் ஏறத்தாழ 58 இலட்சம். முதல் மாதத் தவணையில் 37,500 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது 7,486 ரூபாய்தான்.

அசல் பாதியாகக் குறைவது எப்போது? இருபதில் பாதி பத்து என்னும் கணக்கில், பத்தாம் ஆண்டில் என்றே பலரும் எண்ணுவர். உண்மையில் அதற்குப் பதினான்கு ஆண்டுகள் நிறைய வேண்டும். இராமன் கானகத்தில் கழித்த காலம் அது. அதற்குள் அவர் செலுத்தியிருப்பது 75 இலட்சத்துக்கு மேல். அசலில் குறைந்திருப்பது 25 இலட்சம். இதில் வஞ்சகம் ஏதும் இல்லை. எஞ்சியுள்ள அசலுக்கே வட்டி கணக்கிடப்படுவதால், அசல் மிகுந்துள்ள தொடக்க ஆண்டுகளில் தவணையின் பெரும்பகுதியை வட்டி கொண்டு செல்கிறது. கணக்கு நேர்மையானதே. நம் மனம்தான் அதனை நேர்கோட்டில் வைத்து எண்ணிப் பழகியிருக்கிறது.

காலத்தை நீட்டினால் சுமை குறையும் என்பது மற்றோர் எண்ணம். அதே கடனை 30 ஆண்டுக்கு நீட்டினால் மாதத் தவணை 40,231 ரூபாயாகும். மாதம் 4,755 ரூபாய் இளைப்பாறுதல் கிட்டும். அதற்கு ஈடாகச் செலுத்த நேரும் கூடுதல் வட்டி ஏறத்தாழ 37 இலட்சம். மாறாக, 15 ஆண்டில் அடைக்கத் துணிபவர் மாதம் 50,713 ரூபாய் செலுத்துவார். அவருடைய வட்டி ஏறத்தாழ 41 இலட்சத்தோடு நின்றுவிடும்.

இவையெல்லாம் வட்டி விகிதம் மாறாது நின்றால் பொருந்தும் கணக்குகள். நம் நாட்டில் வீட்டுக் கடன்களுள் பெரும்பாலானவை மாறும் வட்டியை உடையவை. ரிசர்வ் வங்கி 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் தன் ரெப்போ விகிதத்தை 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக உயர்த்தியது. அந்த இரண்டரை சதவீத உயர்வு என்ன செய்யவல்லது என்று பார்ப்போம். 50 இலட்சத்தை 7 சதவீதத்தில் 20 ஆண்டுக்குப் பெற்றவரின் தவணை 38,765 ரூபாய். அசல் அவ்வாறே இருக்கும் நிலையில் வட்டி ஒன்பதரை சதவீதமானால், ஒரு மாத வட்டி மட்டுமே 39,583 ரூபாய். செலுத்தும் தவணை வட்டிக்கே போதாது. அந்த உயர்வின்போது பலருடைய தவணைத் தொகை மாறாது நிற்க, ஆண்டுகள் ஓசையின்றி நீண்டன. 2023 ஆகஸ்டில்தான், இத்தகைய மாற்றத்தின் விளைவைக் கடன் பெற்றவருக்குத் தெரிவித்து, தவணையை உயர்த்துவதா காலத்தை நீட்டுவதா என்பதை அவரே தெரிந்தெடுக்க இடம் தரவேண்டும் என ரிசர்வ் வங்கி ஆணையிட்டது.

பழைய அறநூலார் இதற்கு எல்லை வகுக்கவில்லையா என வினவலாம். வகுத்தனர். ஒரே வேளையில் பெறும் வட்டி அசலின் அளவைக் கடத்தலாகாது என்பது மனுநூலின் எட்டாம் அத்தியாயம் கூறும் விதி. ‘தாம்துபட்’ என்னும் பெயரில் அது பழைய பம்பாய் மாகாணத்து நீதிமன்றங்களிலும் இந்துக் கடனாளிகளுக்கு வழங்கிற்று. எனினும் அவ்விதி தடுத்தது, செலுத்தாது குவியும் வட்டி பாக்கியையே. மாதந்தோறும் வாங்கிவிடும் வட்டி அக்கணக்கில் சேராது. ஆகவே அசலை விஞ்சிய வட்டியைச் செலுத்துபவரும் அவ்விதியின் நிழலில் ஒதுங்க இயலாது. குவியலைக் கண்டு அஞ்சிய அறநூல், நீண்ட காலத்தின் மெல்லிய ஒழுக்கைக் கருதவில்லை.

மறுபக்கம்

நடுநிலையோடு ஆராய்பவர் மறுபக்கத்தையும் கூறியாக வேண்டும். இன்றைய ரூபாயும் இருபது ஆண்டு கழித்து வரும் ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுமாயின், பதினான்கு ஆண்டில் ரூபாயின் வாங்கும் வலிமை பாதியாகிவிடும். முதல் ஆண்டில் மலையெனத் தோன்றிய தவணை பிற்காலத்தில் குன்றாகத் தோன்றுவது இதனாலேயே. கடன் பெறாதவரும் வாடகை செலுத்தியாக வேண்டும் என்பதையும் மறத்தல் கூடாது. எனவே வட்டி 58 இலட்சமும் வீணே இழந்த பொருள் என்று கூறுவது பிழை.

வேறொரு நன்மையும் உண்டு. முன்னாளில் மாதச் சம்பளக்காரர் பலர், ஓய்வு பெறும்போது வரும் சேமநிதியைக் கொண்டே வீடு கட்டினர். பிள்ளைகள் வளர்ந்து பிரிந்த பின் எழுந்த வீடுகள் அவை. 1977இல் ஹஸ்முக்பாய் பாரேக்கின் முயற்சியால் இதே மும்பை நகரில் ஹெச்.டி.எஃப்.சி. என்னும் வீட்டுவசதி நிதி நிறுவனம் தோன்றியது. 2023 ஜூலையில் தன் பெயரைத் தாங்கிய வங்கியோடு இணைந்துவிட்ட அந்நிறுவனமும், அதன்பின் வந்த பிறவும், முன்னோர் சொத்து இல்லாதவரும் இளமையிலேயே சொந்தக் கூரையின்கீழ் வாழ வழி செய்தன. ஊரை விட்டு வந்து ஒண்டுக் குடித்தனங்களில் வாழ்ந்த நம்மவர் பலருக்குச் சொந்த முகவரி என ஒன்றைத் தந்தது இத்தகைய கடனே. அதனை இகழ்வது நன்றி கொன்றதாகும்.

அப்படியாயின் எங்கே இருக்கிறது இதன் விலை?

ஒற்றியின் புதிய உருவம்

1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் அடமானத்தை ஆறு வகையாகப் பகுக்கின்றது. அவற்றுள் ஒன்று, நம் ஊர்களில் ஒற்றி என்றும் போக்கியம் என்றும் வழங்குவது. கடன் கொடுத்தவர் நிலத்தைத் தம் வசம் எடுத்துக்கொண்டு, அதன் விளைச்சலை வட்டிக்கு ஈடாகத் துய்ப்பார். கடன்பட்டவருக்கு நிலம் கையைவிட்டுப் போயிற்று. ஆயினும் அவருடைய உழைப்பும் நாட்களும் அவருடையனவாகவே இருந்தன. நாள்தோறும் அந்த வரப்பைக் கடந்து செல்லும்போது, தாம் இழந்தது இன்னது என்பதைக் கண்ணால் கண்டார்.

இன்றைய வீட்டுக் கடனில் கடன் கொடுத்த நிறுவனம் நம் வீட்டில் குடியேறுவதில்லை. பத்திரங்களை மட்டும் வாங்கி வைத்துக்கொள்கிறது. வீட்டில் வாழ்பவர் நாமே. ஆதலால் எதுவும் நம் கையை விட்டுப் போகவில்லை என்னும் தோற்றம் உண்டாகிறது. ஆனால் வட்டிக்கு உரிய விளைச்சல் எங்கிருந்தேனும் வந்தாக வேண்டுமன்றோ? அது நம் உழைப்பிலிருந்து வருகின்றது. மாதம் 1 இலட்ச ரூபாய் ஈட்டுபவர் 25 நாள் பணிக்குச் செல்வாராயின், நாம் கண்ட கடனுக்காக அவற்றுள் 11 நாட்கள் உழைக்கிறார். தொடக்க ஆண்டுகளில் அப்பதினொன்றில் 9 நாட்கள் வட்டிக்கே உரியவை. அன்று நிலம் ஒற்றிக்குச் சென்றது; இன்று நாட்கள் செல்கின்றன.

மும்பை போன்ற நகரில் இதற்கு மேலும் ஒரு தீர்வை உண்டு. கைக்கெட்டும் விலையில் வீடு கிடைக்கும் இடம் கல்யாணுக்கு அப்பாலோ விராரிலோ இருக்கிறது. தொகையில் குறைத்ததை மின்சார இரயிலில் நின்று கழிக்கும் நேரத்தால் ஈடு செய்கிறோம்.

நிலத்தை ஒற்றி வைத்தவருக்கு மீட்புரிமை உண்டு. கடன் தீர்ந்தால் நிலம் திரும்பும். இன்றும் கடன் தீர்ந்த 30 நாட்களுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும் என்றும், நிறுவனத்தின் தவறால் தாமதம் நேர்ந்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தரவேண்டும் என்றும் 2023 டிசம்பர் முதல் விதி உள்ளது. பத்திரத்தின் நாட்களுக்கு விலை குறித்த விதி அது. மனிதர் ஒற்றி வைத்த நாட்களுக்கு மீட்புரிமை வழங்கும் விதி எங்கும் இல்லை.

நாளைய மனிதர்

இனி அறத்தின் வினாவுக்கு வருவோம். முப்பது வயதில் ஒப்பமிடுபவர் ஐம்பது வயதுடைய ஒருவருக்காக வாக்களிக்கிறார். அந்த ஐம்பது வயதினரை அவர் கண்டதில்லை. அவருடைய உடல்நலம் எத்தகையது, அவருக்கு எவ்வேலை பிடிக்கும், அவருடைய பெற்றோர் எந்நிலையில் இருப்பர் என்பன ஒன்றும் அறியார். ஒருவர் தம் வருங்காலத்தை இவ்வாறு ஈடு வைக்கும் உரிமை உடையவரா?

எல்லா வாக்குறுதிகளும் இத்தகையனவே என்று மறுக்கலாம். திருமணம் இருபது ஆண்டினும் நீண்ட கட்டு. மகவைப் பெறுவதும் அவ்வாறே. இம்மறுப்பு வலியது. ஆயினும் ஒரு வேற்றுமை உளது. வாழ்க்கைத் துணை நம் நோயை அறிவார். பிள்ளை நம் தளர்ச்சியைக் கண்டு தன் வேண்டுகையைக் குறைத்துக்கொள்ளும். அக்கடன்கள் நம்மோடு சேர்ந்து உருமாறும் இயல்பின. தவணைக்குக் கண்ணில்லை. மருத்துவமனையில் கிடந்த மாதத்திலும் அது குறித்த நாளில் வரும்.

இதன் விளைவு பெரும்பாலும் வெளியே தெரியாது. அலுவலகத்தில் பொய்க் கணக்கொன்றில் ஒப்பமிடச் சொன்னால் மறுத்துவிட்டு வெளியேறத் துணிந்திருக்கக்கூடியவர், தவணை நாளை எண்ணிப் பேனாவை எடுக்கிறார். ஊரில் தனித்திருக்கும் தாயை ஆறு மாதம் உடனிருந்து பேண விரும்பும் மகன், பணம் அனுப்புவதோடு அமைகிறான். கணவன் மனைவி இருவர் வருவாயையும் கூட்டிக் கடனுக்கான தகுதி கணக்கிடப்படுவதால், குழந்தைக்காக ஓராண்டு பணியை விட எண்ணும் பெண்ணுக்கு அந்த ஓராண்டு கிட்டுவதில்லை. இவை எந்த வங்கியின் கணக்கு அறிக்கையிலும் இடம்பெறுவன அல்ல. மறுக்கவும் நிற்கவும் விலகவும் உதவவும் உள்ள உரிமையே இங்கே வட்டியாகக் கழிகின்றது. வீட்டுக் கடனின் உண்மை விலை இதுவென்பதே என் துணிபு.

அளவறிதல்

இதனால் கடனே கூடாது என்பது முடிபாகாது. அளவே முடிபு. வரவு சிறிதாயினும் செலவு அதனினும் அகலாதிருந்தால் கேடில்லை என்னும் கருத்தை வள்ளுவர் வைத்துள்ள இடம் நோக்கத்தக்கது. படையெடுக்கும் வேந்தன் தன் வலியை அளந்தறிதல் பற்றிக் கூறும் ‘வலியறிதல்’ அதிகாரத்தில் அதனை வைத்தார். வீடு வாங்குவதும் இருபது ஆண்டுப் படையெடுப்பே. ‘நமக்கு எவ்வளவு கடன் தருவார்கள்?’ என்பது வலியை அளக்கும் வினா ஆகாது. அது கடன் கொடுப்பவர் தம் பாதுகாப்பை அளக்கும் வினா. நம் வினா வேறு: ‘தவணை போக எஞ்சுவதில் நம் பிற கடன்களைச் செய்ய இடம் இருக்குமா?’

அவ்வினாவுக்கு விடை காணத் துணை செய்யும் வாயில்கள் சில இன்று உள்ளன. 2024 அக்டோபர் முதல், தனிநபர் கடன் ஒவ்வொன்றுக்கும் முதன்மை விவர அறிக்கை ஒன்றை வங்கிகள் வழங்கியாக வேண்டும். கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதம் அதில் இருக்கும். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்னதாகவே அடைத்தால் அபராதம் வாங்குதல் கூடாது என 2012இலேயே ரிசர்வ் வங்கி தடுத்துவிட்டது. நாம் கண்ட 20 ஆண்டுக் கடனில் ஆண்டுதோறும் ஒரே ஒரு தவணையை மிகுதியாகச் செலுத்தி வந்தால், காலம் ஏறத்தாழ மூன்றரை ஆண்டு குறையும். மூன்றரை ஆண்டு நாட்களை ஒற்றியிலிருந்து மீட்பது சிறிய செயலன்று. சட்டம் தராத மீட்புரிமையை ஒருவர் தாமே தமக்குத் தந்துகொள்ளும் வழி அது. ஓர் அறை குறைந்த வீட்டைத் தேர்வதும் அவ்வழிப்பட்டதே.

ஒப்பமிடும் முன்னர் ஒரு தாளை எடுத்து, ஒரு புறம் தவணையையும் முத்திரைத் தீர்வையையும் சங்கத்தின் பராமரிப்புத் தொகையையும் மாநகராட்சி வரியையும் எழுதுவோம். மறுபுறம், அடுத்த இருபது ஆண்டுகளில் பெற்றோருக்கும் மக்களுக்கும் நண்பருக்கும் பிறந்த ஊருக்கும் நாம் செய்யவேண்டியவற்றை எழுதுவோம். இரு புறமும் தலைப்பு ‘கடன்’ என்பதே. முதற்புறம் எழுதியதனால் இரண்டாம் புறத்தில் எதனை அடிக்க நேர்கிறதோ, அதுவே நாம் வாங்கும் வீட்டின் விலை. அதனை அறிந்த பின்னும் வாங்கத் துணிபவர், அவ்வீட்டில் அச்சமின்றி வாழ்வார்.