வினையும் பயனும்: இரு ஹாக்கி வீரர்களின் வாழ்வு எழுப்பும் வினா

ஒருவரது வினையின் மதிப்பை அது தந்த பயனால் அளப்பதா, அது செய்யப்பட்ட முறையால் அளப்பதா என்பது மெய்யியலின் பழைய வினாக்களுள் ஒன்று. வெற்றி தோல்வியை மட்டுமே ஏட்டில் பதியும் விளையாட்டுத் துறையில் அது மேலும் கூர்மை பெறுவதைத் தமிழர்களான இரு ஹாக்கி வீரர்களின் வாழ்வு காட்டுகிறது.

ஆரணியில் பிறந்த வாசுதேவன் பாஸ்கரன் தலைமையிலான இந்திய அணி, 1980ஆம் ஆண்டு மாஸ்கோ ஒலிம்பிக்கின் இறுதி ஆட்டத்தில் ஸ்பெயினை 4-3 என வென்று, நாட்டின் எட்டாவது ஹாக்கித் தங்கத்தைப் பெற்றது. சோவியத் படைகள் ஆப்கானிஸ்தானில் புகுந்ததை எதிர்த்து எழுந்த புறக்கணிப்பால் மேற்கு ஜெர்மனி, நெதர்லாந்து, பாகிஸ்தான், ஆஸ்திரேலியா ஆகிய வலிய அணிகள் அங்கு வரவில்லை என்பதால், அத்தங்கத்தின் தகுதி குறைந்ததே என வாதிடுவோர் உண்டு. மாறாக, புனே நகரின் கட்கியில் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்த தன்ராஜ் பிள்ளை, 1998இல் பாங்காக் ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற அணிக்குத் தலைமை தாங்கியவராயினும், நான்கு ஒலிம்பிக்கிலும் நான்கு உலகக் கோப்பையிலும் ஆடி ஒரு பதக்கமும் பெறவில்லை. 2000ஆம் ஆண்டு சிட்னி ஒலிம்பிக்கில் போலந்து இறுதி நிமிடங்களில் அடித்த ஒரே கோல் ஆட்டத்தைச் சமனாக்கி, இந்தியாவின் அரையிறுதி வாய்ப்பைப் பறித்தது.

மனித முயற்சிக்கு அப்பாற்பட்டு நிகழ்ச்சிகளை நடத்தும் நியதியைத் தமிழ் மரபு ஊழ் என்கிறது. அறத்துப்பாலை ஊழ் என்னும் அதிகாரத்தோடு முடிக்கும் திருவள்ளுவர், பொருட்பாலில் தளராத முயற்சியைப் போற்ற ஆள்வினையுடைமை என்னும் தனி அதிகாரமே வகுத்திருப்பது, ஊழை ஏற்பவரும் முயற்சியைக் கைவிடலாகாது என்பதை உணர்த்துகிறது. பயனில் பற்று வைக்காமல் கடமை ஆற்றுவதாகிய நிஷ்காம கர்மத்தைக் கீதை மரபு வற்புறுத்துகிறது. வெல்ல விரும்பாதவர் எப்படி ஆட முடியும் என்று இங்கே கேட்கலாம். இலக்கு வேறு, பற்று வேறு என்பதே அதற்கு விடை: கோலை நோக்கிப் பந்தைச் செலுத்துவது இலக்கு, கோல் விழாவிடில் தன் வாழ்வே வீண் எனக் கருதுவது பற்று.

பயனை மட்டும் கொண்டு மதிப்பிடும் பிழை விளையாட்டுக்கு மட்டும் உரியதன்று. தமிழ்த் திரைத்தொழிலின் மையமாகிய கோடம்பாக்கத்தில், பலர் மாதக்கணக்கில் உழைத்து உருவாக்கிய படத்தின் மதிப்பை முதல் சில நாள் வசூல் தீர்மானித்துவிடுகிறது. வீரரைப் பதக்கத்தால் மட்டும் எடைபோடும் சமூகமும் அதே பிழையையே செய்கிறது. எதிரே எந்த அணி வரும் என்பதைப் பாஸ்கரனோ, கடைசி நிமிடத்தில் பந்து எங்கே திரும்பும் என்பதைத் தன்ராஜோ முடிவு செய்திருக்க இயலாது. பல்லாண்டுப் பயிற்சியும், அணியோடு இசைந்து ஆடும் ஒழுக்கமும், தளராத ஓட்டமுமே அவர்கள் கையில் இருந்தவை. தன் கையில் இருந்ததை முழுமையாகச் செய்தவருக்கு வராத பதக்கம் இழுக்காகாது. வந்த பதக்கத்தை, களத்திற்கு வராதவர்களின் பெயரைச் சொல்லிக் குறைப்பதும் நீதியாகாது.