எழுத மறுத்த கை

மவுண்ட் ஹாலி அப்போது அமெரிக்காவில் நியூ ஜெர்சி மாகாணத்தின் ஒரு சிற்றூர். 1740-களின் தொடக்கத்தில் அங்கே ஒரு கடையில் ஜான் உல்மன் என்ற இளைஞர் கணக்கெழுதிக்கொண்டிருந்தார். வயது இருபத்திரண்டு, இருபத்துமூன்று இருக்கும். ஒருநாள் முதலாளி வந்து, தன்னிடம் இருந்த கறுப்பினப் பெண்ணை விற்றுவிட்டதாகவும் உடனே கிரயச் சீட்டு எழுதித் தரும்படியும் சொன்னார். வாங்கியவர் அங்கேயே காத்து நின்றார்.

உல்மனுக்கு மனம் ஒப்பவில்லை. யோசிக்கவும் நேரமில்லை. அவர் வருஷக் கூலிக்கு அமர்ந்த ஆள். சொன்னவர் சோறு போடுகிற முதலாளி. வாங்குபவரோ வயதில் மூத்தவர். தன்னைப் போலவே குவேக்கர் சமயக் குழுவைச் சேர்ந்தவர். எழுதிக் கொடுத்துவிட்டார். எழுதிய கையோடு, அடிமை வைத்திருப்பது கிறிஸ்தவ நெறிக்குப் பொருந்தாது என்று தான் எண்ணுவதாக இருவர் முகத்துக்கு நேரேயும் சொன்னார். சொன்னதில் மனச்சுமை சற்றே குறைந்தது என்றும், எழுத மாட்டேன் என்று முதலிலேயே சொல்லியிருந்தால் இன்னும் தெளிவாக இருந்திருப்பேன் என்றும் பின்னாளில் தம் வாழ்க்கைக் குறிப்பில் பதிந்து வைத்தார். அவர் இறந்தபின் 1774-இல் அது நூலாக வந்தது.

அந்தப் பக்கத்தைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பெண்ணின் நினைவே முதலில் வருகிறது. அவள் பெயரை உல்மன் எழுதவில்லை. வயது என்ன, பிள்ளைகள் உண்டா, எந்த வீட்டுக்குப் போனாள் என்பது எதுவும் அந்நூலில் இல்லை. ஒரு பெண்ணுக்குக் கிரயச் சீட்டு எழுதுவது அந்த நாட்டில் என்ன பொருள் தந்தது என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். 1619-இல் இருபது சொச்சம் ஆப்பிரிக்கர்களைக் கப்பலிலிருந்து வர்ஜீனியாக் கரையில் இறக்கினார்கள். 1662-இல் அதே வர்ஜீனியா ஒரு சட்டம் செய்தது: பிறக்கும் குழந்தை தாயின் நிலையையே அடையும். தகப்பன் வெள்ளை எஜமானனாகவே இருந்தாலும் அடிமையின் பிள்ளை அடிமை. மற்றக் குடியேற்றங்களிலும் இந்த வழக்கம் பரவியது. ஆகவே ஒரு பெண்ணை விற்ற சீட்டு, அவள் வயிற்றில் இனிமேல் பிறக்கப்போகிறவர்களையும் சேர்த்து எழுதிக் கொடுத்த சீட்டு. சில வரிகளில், ஒரு கடை மேசையில், நல்லவர்கள் மூன்று பேர் முடித்த காரியம் அது.

நல்லவர்கள் என்று தெரிந்தே சொல்கிறேன். குவேக்கர்கள் அரசனுக்கும் தொப்பியைக் கழற்றாதவர்கள். சத்தியப் பிரமாணம் செய்ய மறுத்தவர்கள், போருக்குப் போக மறுத்தவர்கள், அதற்காக இங்கிலாந்தில் சிறை கண்டவர்கள். எல்லா மனிதருக்குள்ளும் இறையொளி உண்டு என்பது அவர்களுடைய அடிப்படை நம்பிக்கை. அப்படிப்பட்டவர்கள் பென்சில்வேனியாவுக்கு வந்து குடியேறிய சில ஆண்டுகளுக்குள் அடிமைகளை வாங்கத் தொடங்கினார்கள். நிலம் அதிகம், ஆள் குறைவு, பக்கத்து வீட்டுக்காரரும் வாங்குகிறார் என்பதைத் தவிரப் பெரிய காரணம் ஒன்றையும் நான் காணவில்லை.

இது தவறு என்று சொன்னவர்கள் இல்லாமல் இல்லை. 1688-இல் பிலடெல்பியாவுக்கு அருகே ஜெர்மன்டவுனில் பிரான்சிஸ் டேனியல் பாஸ்டோரியசும் மற்ற மூவரும் அடிமைமுறைக்கு எதிராக ஒரு மனு எழுதிக் கையெழுத்திட்டார்கள். கடலில் அந்நியக் கப்பலைக் கண்டால், துருக்கியர் நம்மைப் பிடித்து விற்றுவிடுவார்களோ என்று நடுங்குகிறோமே, நாம் இங்கே செய்வது என்ன என்று அதில் கேட்டிருந்தார்கள். குவேக்கர்களின் மாதக் கூட்டம் அதைப் படித்துவிட்டு, இது கனமான விஷயம் என்று காலாண்டுக் கூட்டத்துக்கு அனுப்பியது. அது ஆண்டுக் கூட்டத்துக்கு அனுப்பியது. ஆண்டுக் கூட்டம் தீர்ப்புச் சொல்லாமல் ஒதுக்கிவைத்தது. மனு தவறு என்று எவரும் சொல்லவில்லை.

ஐம்பது ஆண்டு கழித்து பெஞ்சமின் லே என்ற குவேக்கர் வந்தார். நாலடிக்குச் சற்றே கூடிய உயரம், கூன் முதுகு. பார்படோஸ் தீவில் கடை வைத்திருந்தபோது, கரும்புத் தோட்டத்து அடிமைகள் பசியால் துடித்ததைக் கண்ணால் பார்த்தவர். பிலடெல்பியாவுக்கு அருகே ஆபிங்டனில் குகை போன்ற ஒரு வீட்டில் வாழ்ந்தார். தன் துணியைத் தானே நூற்று உடுத்தினார். புலால் தொடவில்லை. அடிமை உழைப்பில் விளைந்த எதையும் வீட்டுக்குள் சேர்க்கவில்லை. 1738-இல் பர்லிங்டனில் குவேக்கர் ஆண்டுக் கூட்டம் நடந்தபோது, மேலங்கிக்குள் போர்வீரன் உடையும் வாளும் தரித்து, உள்ளே குடைந்த ஒரு புத்தகத்தோடு போனார். சிவந்த பழச்சாறு நிரப்பிய தோல்பை அந்தப் புத்தகத்துக்குள் இருந்தது. அடிமை வைத்திருப்பவன் இப்படித்தான் மனிதன் நெஞ்சில் வாளைச் செருகுகிறான் என்று கூவி, புத்தகத்தைக் குத்தினார். பக்கத்தில் இருந்தவர்கள் மீது செஞ்சாறு தெறித்தது. அவரைத் தூக்கி வெளியே விட்டார்கள்; குழுவிலிருந்தும் நீக்கினார்கள். அடிமைமுறையைக் கண்டித்து அவர் எழுதிய நூலை அச்சிட்டவர் பெஞ்சமின் பிராங்கிளின். அச்சிட்டவர் பெயர் மட்டும் அதில் இல்லை. அந்நாளில் பிராங்கிளினின் செய்தித்தாளில் அடிமை விற்பனை விளம்பரங்களும் வந்துகொண்டிருந்தன. முதுமையில்தான் அவர் அடிமை ஒழிப்புச் சங்கத்தின் தலைவரானார்.

உல்மன் லேயைப் போலக் கூவவில்லை. அவர் சுபாவம் வேறு. முதல் சீட்டுக்குச் சில காலம் கழித்து, வேறொரு இளைஞர் தன் பெயருக்கு ஓர் அடிமையை எழுதித் தரும்படி வந்தார். உல்மன் முடியாது என்றார். வந்தவர் கோபப்படவில்லை. தனக்கும் அது மனத்துக்கு ஒட்டாத காரியம்தான், மனைவிக்குப் பரிசாக வந்ததால் வேண்டாம் என்று சொல்ல முடியவில்லை என்றார். இந்தப் பதில் என்னை வெகுநேரம் யோசிக்க வைத்தது. எழுதுகிறவருக்கு மனமில்லை, வாங்குகிறவருக்கும் மனமில்லை. ஆனாலும் ஒருத்தி கைமாறுகிறாள்.

தையலும் கடையும் போக, ஊராருக்கு உயிலும் பத்திரமும் எழுதித் தருவது உல்மனுக்கு ஒரு வருமானம். அடிமை வைத்திருந்த பெரியவர் ஒருவர் உயில் எழுத வந்தார். தன் மன நிம்மதியைக் கெடுத்துக்கொண்டு அதை எழுத முடியாது என்றார் உல்மன். பெரியவர் வேறொருவரிடம் எழுதிக்கொண்டார். சில ஆண்டுகளில் வீட்டு நிலைமை மாறி, திருத்தி எழுத மறுபடி உல்மனிடமே வந்தார். அடிமைகளைப் பெறப்போகும் மகன் முன்பு தறுதலையாகத் திரிந்தவன், இப்போது திருந்திவிட்டான், அதனால் எழுதலாமே என்றார். இருவரும் நெடுநேரம் பேசினார்கள், சினேகமாகவே பிரிந்தார்கள். சில நாள் கழித்துப் பெரியவர் மூன்றாம் முறையாக வந்து, அடிமைகளுக்கு விடுதலை என்று எழுதச் சொன்னார். உல்மன் எழுதினார். இன்னொருவர் அடிபட்டுப் படுக்கையில் கிடந்தார். அவருக்காக உயில் முழுவதையும் எழுதி, அடிமையைப் பிள்ளைக்குத் தரும் பகுதியை மட்டும் எழுதாமல் படுக்கையருகே கொண்டுபோய்ப் படித்துக் காட்டினார் உல்மன். கூலி வேண்டாம் என்றார். பேசிப் பேசி, அந்தப் பெண்ணை விடுவிக்க அவர் இசைந்தபின் மிச்சத்தை எழுதி முடித்தார்.

ஒரு வீட்டோடு மனத்தாங்கல் என்றால், அங்கே கை நனைப்பதில்லை என்பது நம் வழக்கு. உல்மனுக்கு அந்த வழி அடைபட்டிருந்தது. தென் மாகாணங்களில் ஊர் ஊராகப் போய்ப் பேசுகிறவர், அடிமை வைத்திருந்த குவேக்கர்களின் வீட்டில்தான் தங்கியாக வேண்டும். அந்தச் சோற்றை ஆக்கியவர், தண்ணீர் இறைத்தவர், குதிரைக்குப் புல் போட்டவர் எல்லோரும் கூலியற்றவர்கள். 1757-இல் மேரிலாந்து, வர்ஜீனியா, வட கரோலினா வழியாகப் போனபோது சில்லறை வெள்ளிக் காசுகளைச் சேர்த்துக் கையில் எடுத்துப் போனார். புறப்படும் நேரத்தில் வீட்டுத் தலைவரைத் தனியே அழைத்து, இதை உங்கள் வேலையாட்களுக்குக் கொடுங்கள் என்பார். சில வீடுகளில் தாமே அவர்கள் கையில் கொடுப்பார். விருந்துக்குக் காசு நீட்டுவது எந்த ஊரிலும் வீட்டுக்காரரை அவமதிப்பது. அது தமக்கே கூச்சமாக இருந்தது என்பதை அவர் மறைக்கவில்லை. ஒரு வேளைச் சோற்றுக்கு உண்மையில் யாருக்குக் கடன்பட்டிருக்கிறோம் என்ற கணக்கை அவர் கூச்சத்தோடே தீர்த்தார்.

அந்தக் கணக்கு அவரை எளிதில் விடவில்லை. கடையில் வியாபாரம் பெருகுவதைக் கண்டு பயந்து அதைச் சுருக்கினார். பிறகு விட்டே விட்டார். தையலும் ஆப்பிள் தோட்டமும் போதும் என்றார். மேற்கிந்தியத் தீவுகளில் அடிமைகள் காய்ச்சிய சர்க்கரையை நிறுத்தினார். அதே சர்க்கரையையும் ரம்மையும் வெல்லப்பாகையும் ஒருகாலத்தில் தம் கடையில் விற்றதை மறைக்காமல் எழுதினார். சாயம் தோய்ந்த துணி உடுப்பதை விட்டார். சாயம் அழுக்கைப் போக்குவதில்லை, மறைக்கிறது என்பது அவர் வாதம். வெள்ளையும் பழுப்புமான உடையில் அவரைப் பார்த்துப் பலர் முகம் திருப்பினார்கள். நண்பர்கள்கூட இது விசித்திரத்துக்காகச் செய்வது என்று நினைத்தார்கள்.

துணியைப் பற்றிச் சொல்லும்போது நம் கரையையும் சொல்லாமல் விட முடியாது. பதினெட்டாம் நூற்றாண்டில் ஐரோப்பியக் கப்பல்கள் மேற்கு ஆப்பிரிக்காவில் ஆட்களுக்கு ஈடாகக் கொடுத்த சரக்கில் இந்தியப் பருத்தித் துணிக்குப் பெரும்பங்கு உண்டு. சோழமண்டலக் கரையில் நெய்து நீலம் தோய்த்த துணியும் அதில் போனது. தறியில் உட்கார்ந்திருந்தவருக்கு அந்தத் துணி எங்கே போகிறது, எதற்கு விலையாகிறது என்பது தெரிந்திருக்க வழியில்லை. பொருள் கைமாறக் கைமாற, அதில் படிந்த துயரம் கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. உல்மன் அந்தத் தூரத்தைக் கடந்து பார்க்கத் தம்மைப் பழக்கிக்கொண்டார்.

1758-இல் பிலடெல்பியா ஆண்டுக் கூட்டத்தில் பேச்சு எழுந்தது. காலம் கனியட்டும், கடவுள் வழி காட்டுவார், அவசரம் வேண்டாம் என்று சிலர் சொன்னார்கள். நம் வசதிக்காகவும் சிலரின் நட்புக்காகவும் கடமையைத் தள்ளிப்போடுகிறோம் என்றார் உல்மன். இனி அடிமையை வாங்கினாலும் விற்றாலும் குழுக் காரியங்களில் இடமில்லை என்று முடிவாயிற்று. அடிமை வைத்திருப்பவர் வீடுகளுக்கு நேரில் போய்ப் பேச ஒரு சிலரை நியமித்தார்கள். உல்மன் அவர்களில் ஒருவர். செய்தியைக் கேட்ட கிழவர் பெஞ்சமின் லே, இனி நிம்மதியாகச் சாவேன் என்று சொன்னதாகக் கூறுவார்கள். அடுத்த பிப்ரவரியில் அவர் இறந்தார். அடிமை வைத்திருப்பவர் குவேக்கராகவே இருக்க முடியாது என்ற விதி 1776-இல் வந்தது. ஜெர்மன்டவுன் மனுவுக்கு 88 ஆண்டுகள் பின்னே.

அதே ஆண்டு, அதே பிலடெல்பியாவில்தான் எல்லா மனிதரும் சமமாகப் படைக்கப்பட்டவர்கள் என்ற பிரகடனமும் வெளியானது. அதை எழுதிய ஜெபர்சன் தம் வாழ்நாளில் அறுநூறுக்கும் மேற்பட்டவர்களை அடிமைகளாக வைத்திருந்தார். 1787-இல் அதே ஊரில் எழுதிய அரசியலமைப்பு, தப்பியோடிய அடிமையைப் பிடித்து ஒப்படைக்க வழி செய்தது. 1790-இல் ஏறத்தாழ 7 லட்சமாக இருந்த அடிமைகள், பருத்தி பெருகப் பெருக, 1860-இல் 40 லட்சத்தை நெருங்கினார்கள். அடிமைமுறை ஒழியப் பெரும்போர் ஒன்று தேவைப்பட்டது. உல்மனின் சாயமற்ற சட்டையால் அது ஒழியவில்லை என்பதைச் சொல்லத்தான் வேண்டும்.

விடுதலை தேடியவர்களில் முதன்மையானவர்கள் அடிமைகளே என்பதையும் சொல்ல வேண்டும். மாசசூசெட்ஸில் பெட் என்று அழைக்கப்பட்ட பெண்ணுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. எல்லோரும் சுதந்திரமாகவும் சமமாகவும் பிறந்தவர்கள் என்று அந்த மாகாணத்தின் புதிய அரசியலமைப்பு சொல்வது அவர் காதில் விழுந்தது. அப்படியானால் நான் மட்டும் ஏன் இப்படி என்று ஒரு வழக்கறிஞரைத் தேடிப் போனார். 1781-இல் வழக்கில் வென்று, எலிசபெத் பிரீமன் என்று தமக்குத் தாமே பெயர் வைத்துக்கொண்டார். மவுண்ட் ஹாலியில் கைமாறிய பெண்ணுக்கு அப்படி ஒரு வாசல் திறக்கவில்லை. உல்மன் தம் மனச்சுமையை இறக்கிவைத்ததால் அவள் சுமை குறைந்ததென்று சொல்ல நமக்கு உரிமையில்லை.

உல்மனே அப்படிச் சொல்லிக்கொள்ளவில்லை என்பதற்கு ஒரு சான்று இருக்கிறது. முன்பு ஒருமுறை, இறந்துபோன ஒருவரின் உயிலை நிறைவேற்றும் பொறுப்பு அவருக்கும் இன்னொருவருக்கும் வந்திருந்தது. இருவரும் சேர்ந்து ஒரு கறுப்பினச் சிறுவனை, முப்பது வயது ஆகும்வரை உழைக்க வேண்டும் என்று விற்றிருந்தார்கள். வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்கு அந்தக் கட்டு இருபத்தொன்றோடு தீர்ந்துவிடும். இவனுக்கு ஒன்பது ஆண்டு கூடுதல். ஊரெங்கும் நடந்து, வீடு வீடாகப் போய், பிறர் மனத்தைக் கரைத்த மனிதருக்குத் தம் சொந்தக் கையெழுத்து சாவுக்குச் சில ஆண்டுகள் முன்புதான் உறுத்தத் தொடங்கியது. விற்றவர்கள் இருவர், ஒன்பதில் தம் பாதி நாலரை ஆண்டு என்று கணக்கிட்டார். அவனுடைய கடைசி நாலரை ஆண்டுக்கு, நடுநிலையாளர்கள் நியாயம் என்று சொல்லும் தொகையை வாங்கியவருக்குக் கொடுத்து அவனை விடுவிக்கக் கடன் பத்திரம் எழுதினார். தாம் இருந்தால் தாமும், இல்லாவிட்டால் தம் உயிலை நிறைவேற்றுபவர்களும் அந்தத் தொகைக்குப் பொறுப்பு என்று அதில் சேர்த்தார். 1772 அக்டோபரில் இங்கிலாந்தின் யார்க் நகரில் பெரியம்மை கண்டு அவர் இறந்தபோது அந்தப் பத்திரம் இருந்தது.