விலையும் இசைவும்

பணங்கொடுத்துப் பெற்ற பொருளைப் பெற்றவன் தன் விருப்பம்போற் கையாளலாம் என்பது சந்தையின் பொதுவிதி. மனிதரின் உருவத்துக்கும் இவ்விதி பொருந்துமோ என்னும் வினாவை இணையம் இன்று கூர்மைப்படுத்தியுள்ளது. 2016இல் இலண்டனில் தொடங்கப்பெற்ற ஒன்லிபான்ஸ் போன்ற தளங்களில், சந்தா செலுத்துவோர் மட்டுமே காணத் தம் அந்தரங்கப் படங்களை இடுவோர் பலர். அவற்றைப் பிரதிசெய்து எங்கணும் பரப்பும் சந்தாதாரரும் உளர். விற்றவளுக்கு அந்தரங்கம் ஏது என்பது இவர்தம் வாதம்.

கையளித்தவர் உரிமையையும் கைவிட்டார் என்னும் இவ்வாதம் புதியதன்று. ஆங்கிலக் கவிஞர் அலெக்சாந்தர் போப்பின் கடிதங்களை எட்மண்ட் கேர்ள் என்னும் நூல்வணிகர் அனுமதியின்றி அச்சிட்டமையால் 1741இல் வழக்கு எழுந்தது. கடிதம் பெற்றவருக்கு அளிக்கப்பட்ட கொடையே என்றது கேர்ள் தரப்பு. தாள் மட்டுமே பெற்றவருக்கு உரித்தாகலாம், எழுதியதை உலகறிய வெளியிடும் உரிமை அவருக்கில்லை எனத் தீர்த்தார் ஹாட்விக் பிரபு.

இசைவு என்பது இன்னாருக்கு, இவ்வளவுக்கு என எல்லை குறித்தே அளிக்கப்படுவது. ஓவியக் கல்லூரியிற் கூலிபெற்று மாதிரியாக நிற்பவள், சாளரத்தினூடே எட்டிப்பார்ப்பவனுக்கு இசைந்தவளாகாள். கூலி பெற்றமை இவ்வெல்லையை அழிப்பதில்லை; உண்மையில், யார் காணலாம் என்பதை வரையறுப்பதே அக்கூலிதான். பிரதிசெய்தல் எளிதென அறிந்தே படத்தை இட்டாள் என்பாரும் உளர். ஆபத்தை அறிதல் வேறு, அதற்கு உடன்படுதல் வேறு. பூட்டு உடையக்கூடியது என அறிந்தவர் கள்வனை அழைத்தவராவாரோ?

சட்டமோ இவ்விடயத்திற் பெரிதும் பதிப்புரிமையையே துணைக்கழைக்கிறது. அமெரிக்காவின் 1998ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி படத்தை நீக்கக் கோரலாம். ஆயின் முறையீட்டிற் கையொப்பமும் முகவரி முதலிய விவரங்களும் இடம்பெறல் வேண்டும். புனைபெயரிற் தொழில்செய்பவள், முகவர் ஒருவரை அமர்த்த வசதியற்றவளாயின், மறைவைக் காக்கவே மறைவைத் துறக்க நேர்கிறது. மேலும், பதிப்புரிமை காப்பது படைப்பை, படத்திலுள்ள ஆளையன்று. அவள் இழந்தது சந்தாப் பணம் மட்டுமன்று. உற்றார் தன்னை எவ்வாறு காண்பர் என்பதைத் தீர்மானிக்கும் உரிமையுமாம்.

2025இல் அந்நாட்டில் நிறைவேறிய சட்டம் இதனை ஓரளவு உணர்ந்துள்ளது. ஒருவருக்குக் காட்ட இசைந்தமை வெளியிட இசைந்தமையாகாது என அது தெளிவாகக் கூறுகிறது. முறையீடு கிடைத்த 48 மணித்தியாலத்துள் படத்தை நீக்குமாறும் தளங்களைப் பணிக்கிறது. எனினும், வளர்ந்தோரைப் பொறுத்தவரை, வணிகச் சூழலில் தாமாக வெளிப்படுத்தியவற்றை அதன் குற்றப்பிரிவு விலக்கிவிடுகிறது. சந்தாப் பக்கமும் இவ்விலக்கினுள் அடங்குமெனக் கொள்ளப்பட்டால், விலை பெற்ற ஒரே காரணத்தால் அவள் அப்பிரிவின் காவலை இழப்பாள்.