கடைசிக் கைக்கு வந்த லாரி

ஒரு லாரி பல கை மாறித்தான் தன் ஆயுளைக் கழிக்கிறது. பெரிய டிரான்ஸ்போர்ட் கம்பெனி அதைப் புதிதாக எடுத்து, சில ஆண்டுகள் நெடுந்தூரம் ஓட்டிவிட்டு, செலவு வைக்கத் தொடங்கும்போது விற்றுவிடும். இரண்டாவதாக வாங்குபவர் மாநிலத்துக்குள் ஓட்டுவார். பல ஆண்டுகள் பிறர் வண்டியில் ஸ்டியரிங் பிடித்த டிரைவர், சேர்த்த பணத்தோடு கடனும் வாங்கி முதன்முதலாகச் 'சொந்த வண்டி' என்று சொல்லிக்கொள்வது பெரும்பாலும் அதற்குப் பிறகுதான். நெல் மூட்டை, செங்கல், ஜல்லி என்று பக்கத்து ஊர்களுக்குள்ளேயே ஓடி அந்த வண்டி ஒரு குடும்பத்துக்குச் சோறு போடும். 15 ஆண்டு ஆனால் சரக்கு வண்டி ஓடக் கூடாது என்று ஓர் உத்தரவு வரும்போது, அடி இந்தக் கடைசிக் கையில்தான் விழுகிறது. வண்டியின் நல்ல காலத்தை அனுபவித்தவர்கள் அதற்குள் விலகிப் போயிருப்பார்கள். வயது வரம்பு அறமா என்று கேட்பவர்கள் இந்த உண்மையை முதலில் மனத்தில் கொள்ள வேண்டும்.

வயது வரம்பு பற்றிய வழக்குகள் பழையவை. பயணிகள் வண்டி 7 ஆண்டுக்கு மேற்பட்டதாக இருக்கக் கூடாது என்று உத்தரப் பிரதேசத்தில் விதித்த பர்மிட் நிபந்தனையை 1980இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர். வண்டியின் ஆயுளை நிர்ணயிக்கும் அதிகாரத்தை 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 59ஆம் பிரிவு மத்திய அரசுக்குத் தந்தது. சுற்றுச்சூழல் வழக்கறிஞர் எம்.சி. மேத்தா தொடுத்த வழக்கில், 15 ஆண்டு கடந்த வணிக வாகனங்களை டெல்லிச் சாலைகளிலிருந்து விலக்க 1998இல் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. 2008இல் கல்கத்தா உயர் நீதிமன்றம் கொல்கத்தா மாநகரப் பகுதிக்கும் அதே வரம்பை விதித்தது. 2015இல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் டெல்லி வட்டாரத்தில் டீசல் வண்டிகளுக்கு வரம்பை 10 ஆண்டாகக் குறைத்தது. 2018இல் உச்ச நீதிமன்றமும் அதை நடைமுறைப்படுத்தச் சொன்னது.

இத்தகைய உத்தரவுகளை எதிர்ப்பவர்களின் வாதம் எளிதில் தள்ளிவிடக் கூடியதன்று. தொழில் செய்யும் உரிமையை அரசியல் சாசனத்தின் 19ஆம் பிரிவு தருகிறது. ஒழுங்காகப் பராமரித்த வண்டியையும் சீரழிந்த வண்டியையும் ஒரே தட்டில் வைப்பது 14ஆம் பிரிவு சொல்லும் சமத்துவத்துக்கு முரண். செல்லுபடியாகும் எஃப்.சி. என்ற தகுதிச் சான்றிதழ் கையில் இருக்கிறது, வரியும் கட்டியாகிவிட்டது. இன்ஜினைப் பிரித்துக் கட்டி, பாடியைப் புதுப்பித்து ஒரு லாரிக்கு மறுபிறவி கொடுக்கும் வித்தையை நாமக்கல், சங்ககிரி பக்கத்துப் பட்டறைகளில் யாரும் நேரில் பார்க்கலாம். அந்த உழைப்புக்கு ஆர்.சி. புத்தகத்தில் உள்ள தேதிக்கு முன் மதிப்பே இல்லையா?

எதிர்த் தட்டில் இருப்பது மூச்சு. டீசல் புகை மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் என்று உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகமை 2012இல் வகைப்படுத்தியது. கனரக டீசல் இன்ஜின் கக்கும் நுண்துகளுக்கு, பாரத் ஸ்டேஜ் (பி.எஸ்.) என்ற புகைத் தர விதிகளில் பி.எஸ்.3 அனுமதித்த அளவில் பத்தில் ஒரு பங்கைத்தான் பி.எஸ்.6 அனுமதிக்கிறது. எவ்வளவு பொறுப்பாகப் பராமரித்தாலும் பழைய இன்ஜின் தான் பிறந்த காலத்தின் தரத்தைத் தாண்டிச் சுத்தமாகாது. சிக்னலில் நிற்கும் போலீஸ்காரரும், நடைபாதையில் பழம் விற்பவரும், பள்ளிக்குப் போகும் குழந்தையும் அந்தப் புகையைச் சம்மதித்து இழுக்கவில்லை. ஒருவரின் பிழைப்பு இன்னொருவரின் நுரையீரலை அரிக்கும் உரிமையைத் தராது. ஆகவே புகைக்கு எல்லை வகுப்பது அறமே. இதில் தயங்க இடமில்லை.

அந்த எல்லையை வயதால் அளக்கலாமா என்பதுதான் சிக்கல். வயதுக்கு ஆதரவாக ஒரு வலுவான காரணம் உண்டு: அதற்கு யாரும் லஞ்சம் கொடுக்க முடியாது. வண்டியைக் கண்ணால்கூடப் பார்க்காமல் எஃப்.சி. கிடைக்கும் நிலை இருக்கும்வரை, சான்றிதழை நம்பச் சொன்னால் நீதிபதிக்குத் தயக்கம் வரத்தான் செய்யும். ஆனால் நேர்மையாகச் சோதிக்கும் கடமை அரசுடையது. அரசு தவறிய கடமைக்கு, வண்டியை நேர்மையாக வைத்திருந்தவர் விலை கொடுப்பது நீதியாகாது. 2025 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், டெல்லி வட்டாரத்தில் வயதைமட்டும் காரணமாக்கி நடவடிக்கை எடுப்பதற்கு எதிரான பாதுகாப்பை பி.எஸ்.4 மற்றும் அதற்குப் பிந்தைய வண்டிகளுக்கு மட்டும் என்று வரையறுத்தது. ஆண்டுக் கணக்கிலிருந்து புகைக் கணக்குக்கு நீதி நகர்வது நல்ல அடையாளம்.

வயது வரம்பில் இன்னொரு குறையும் உண்டு. தலைநகரில் ஓடக் கூடாத வண்டியைத் தடையில்லாச் சான்று கொடுத்து வேறு மாவட்டத்துக்கு அனுப்பும் வழக்கம் இருக்கிறது. வண்டிகள் குறைந்த, காற்று நன்றாகக் கலையும் ஊர்களுக்கு மட்டும் அனுப்பலாம் என்று தீர்ப்பாயம் சொன்னதில் ஒரு கணக்கு இருக்கிறது, அறம் இல்லை. சிற்றூரில் ரோட்டோரம் குடியிருப்பவரின் மூச்சு டெல்லிவாசியின் மூச்சைவிட மலிவானதன்று.

பழைய வண்டியை உடைக்க அரசு தரும் சலுகையும் கடைசிக் கையை எட்டுவதில்லை. 2021இல் வந்த வாகன அழிப்புக் கொள்கைப்படி, வண்டியை ஒப்படைத்த சான்றுக்கு வணிக வாகனங்களில் 15 சதவீதம் வரை சாலை வரிச் சலுகை உண்டு. ஆனால் அது புது வண்டி வாங்கும்போதுதான் கிடைக்கும். பழைய லாரியைக்கூடக் கடனில் வாங்கியவர் புது லாரிக்கு எங்கே போவார்? சான்றை வேறொருவருக்கு விற்கலாம். விற்று வரும் தொகையில் அவருக்கு மாற்று வண்டி கிடைத்துவிடாது.

வயது வரம்பு நியாயமானதாக இருக்க வேண்டுமானால், வாங்கும் நாளிலேயே வாங்குபவருக்கு அது தெரிந்திருக்க வேண்டும். நேஷனல் பர்மிட்டுக்கு இரண்டு ஆக்ஸில் லாரி என்றால் 12 ஆண்டு, மல்டி ஆக்ஸில் என்றால் 15 ஆண்டு என்று விதியிலேயே எழுதிவைத்தது இந்த வகையில் முறையானது. அதைத் தெரிந்துதான் பேரம் நடக்கிறது. கடன் வாங்கி வண்டி எடுத்த பிறகு, பாதி வழியில் வரம்பைக் குறுக்குவது பேரத்தை ஒருதலையாக முறிப்பதற்குச் சமம். அப்படிக் குறுக்கியே ஆக வேண்டும் என்று பொதுநலம் கேட்டால், அந்த நலத்தைப் பெறும் பொதுச்சமூகம் விலையிலும் பங்கு ஏற்க வேண்டும். ஓடும் நிலையில் உள்ள லாரிக்குக் காயலான் கடை விலைமட்டும் கொடுத்து அனுப்பினால், நகரம் சுவாசிக்கும் நல்ல காற்றுக்கான பணத்தைக் கட்டியவர் அந்த டிரைவர் ஒருவர்தான் என்றாகிவிடும். காற்று எல்லாருக்கும் பொது என்றால், அதைச் சுத்தமாக்கும் செலவும் எல்லாருக்கும் பொதுதான்.