திருமெய்யத்து அரவணையும் வேங்கைவயல் தண்ணீரும்

ஸ்ரீமதே ராமாநுஜாய நம:

புதுக்கோட்டைக்குத் தெற்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டரில் உள்ள திருமெய்யம், திருமங்கையாழ்வாரின் மங்களாசாஸனம் பெற்ற திவ்ய தேசம். நின்ற திருக்கோலத்தில் ஸத்யமூர்த்தி. குடைவரையில் கிடந்த திருக்கோலத்தில் திருமெய்யர். கிடந்தவனின் அழகில் ஈடுபட்டவர்கள், அவ்விடத்துத் தலவரலாற்றைச் சற்றே கேட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். அதில் நம் சம்ப்ரதாயத்தின் கடினமான கேள்வியொன்று இருக்கிறது.

மது, கைடபர் என்னும் அசுரர் வருகின்றனர். எம்பெருமானோ யோகநித்திரையில். பிராட்டிமார் அஞ்சி, ஒருத்தி திருமார்பிலும் மற்றவள் திருவடியிலும் ஒடுங்குகின்றனர். ஸ்வாமியை எழுப்பத் திருவனந்தாழ்வானுக்கு மனமில்லை, வாளாவிருக்கவும் முடியவில்லை. விஷமூச்சை உமிழ்ந்து அசுரரை விரட்டிவிடுகிறான். பின்னரே அவனுக்கு நடுக்கம் வருகிறது: நியமனம் பெறாமல் செய்துவிட்டோமே! கண் விழித்த எம்பெருமான் அவனைக் கடிந்துகொள்ளவில்லை; நீ செய்தது தக்கதே என்று தேற்றினான் என்பது தலவரலாறு.

பிறர்க்கென்றே இருப்பவன் சேஷன். அவனுக்கு ஸ்வாதந்த்ரியம் ஏது? அப்படியிருந்தும், தனக்கு இடப்படாத காரியத்தை அவனே எடுத்துச் செய்தான். ஸ்வாமியும் அதை உகந்தான். ஆகவே பாரதந்த்ரியம் என்பது தன்னலத்தை விடுவது. அஞ்சினவரைக் காக்கும் பொறுப்பை விடுவது ஆகாது என்று கொள்வதே பொருந்தும்.

இக்காலத்தில் தனிமனித உரிமை பெரிதா, ஊர் பெரிதா என்று வாதிடுகிறார்கள். நம்மவருள் சிலர், உரிமை என்னும் பேச்சே அகங்காரம், அடக்கமே சேஷத்வம் என்று முடித்துவிடுகிறார்கள். இதில் ஒரு பிசகு உண்டு. வங்கியில் பல்லாண்டுகள் கையொப்பங்களைச் சரிபார்த்த அடியேனுக்கு அது உடனே கண்ணில் படுகிறது. என் கணக்கில் உள்ளதை நான் முழுவதும் தானம் எழுதலாம். அது என் பெருமை. பிறர் கணக்கின் மீது காசோலை எழுத எனக்கு அதிகாரமில்லை. என் உரிமையை நான் துறப்பது வைராக்கியம். ஊர் அமைதிக்காக உன் உரிமையை நீ துறந்துவிடு என்று எளியவனிடம் சொல்வதை எந்த ரஹஸ்ய கிரந்தமும் வைராக்கியம் என்று கூறவில்லை.

திருமெய்யத்திலேயே சிவன் கோயிலும் பெருமாள் கோயிலும் ஒரே குன்றில் அருகருகே உள்ளன. 13-ஆம் நூற்றாண்டில் இரு தரப்பாருக்கும் வழக்கு முற்றியபோது, ஹொய்சளத் தளபதி அப்பண்ண தண்டநாயகர் முன்னிலையில் வருவாய் பங்கிடப்பட்டது. நடுவே மதிலும் எழுப்பப்பட்டது. நல்ல தீர்ப்புதான். ஆயினும் பங்கீடு சண்டையை நிறுத்தும், அவ்வளவே. மதிலுக்கு அப்பால் இருப்பவன் அஞ்சி ஒடுங்கும்போது என்ன செய்வது என்று மதில் சொல்லாது.

இதே மாவட்டத்து வேங்கைவயலை இங்கே நினையாமல் இருக்க இயலவில்லை. 2022 டிசம்பர் இறுதியில், அங்குள்ள ஆதிதிராவிடக் குடியிருப்பின் குழந்தைகள் நோயுற்றார்கள். தண்ணீரின் மேல் ஐயம் எழ, மேல்நிலைத் தொட்டியில் ஏறிப் பார்த்தவர்கள் அதில் மலம் கலந்திருக்கக் கண்டார்கள். வழக்கு சிபிசிஐடி வசம் சென்றது; 2025 ஜனவரியில் தாக்கலான குற்றப்பத்திரிகையைப் பற்றியும் கடும் விவாதம் உண்டு. யார் செய்தார் என்பது நீதிமன்றத்துக்கு உரியது. அடியேன் அதில் புகவில்லை.

புலன்விசாரணை வேண்டாத செய்தி வேறொன்று உண்டு. விசாரிக்க நேரில் சென்ற மாவட்ட ஆட்சியர் கவிதா ராமுவிடம், தேநீர்க் கடையில் இரட்டைக் குவளை இருப்பதையும், அய்யனார் கோயிலுக்குள் தங்களை விடுவதில்லை என்பதையும் அம்மக்கள் முறையிட்டார்கள். அவர் அவர்களைக் கோயிலுக்குள் அழைத்துச் சென்றார். குவளை இரண்டு என்பது மறைவில் நடந்த குற்றமன்று. தேநீர் குடித்த எல்லாரும் நாள்தோறும் கண்டது. வழக்கம் என்ற பெயரில் ஓர் ஊரே கண்மூடி இருந்தது. எம்பெருமானுடையது போன்ற யோகநித்திரை அன்று அது.

அவர்கள் பாகவதர்களா, நம் பூருவர்கள் சொன்னது அடியார்க்கு மட்டும்தானே என்று ஒரு கேள்வி வரும். ஸகல சேதனரும் அவனுக்குச் சரீரம் என்பது எம்பெருமானார் தரிசனம். மெய் என்ற சொல்லுக்கு உண்மை என்றும் உடம்பு என்றும் பொருள் உண்டு. அவன் உடம்பில் ஓர் உறுப்பு குடிக்கும் நீர் அது.

பெரிய நம்பிகள் என்ன செய்தார் என்பதை யாவரும் அறிவோம். தாழ்ந்த குலம் என்று ஊர் ஒதுக்கிய மாறனேரி நம்பிக்குத் தாமே இறுதிக் கைங்கர்யம் செய்தார். வேறொருவரைக் கொண்டு செய்வித்திருக்கலாகாதோ என்று உடையவர் வினவ, என் ஸந்த்யாவந்தனத்தைப் பிறர் செய்வாரோ என்றார். ஜடாயுவுக்குச் சம்ஸ்காரம் செய்த பெருமாளைவிட நான் மேலோ, ஜடாயுவைவிட இவர் கீழோ என்றும் கேட்டார். பயிலும் சுடரொளியும் நெடுமாற்கடிமையும் வெறும் கடலோசையாய்ப் போகலாமா என்றும் கேட்டாராம். இந்தக் கடைசிக் கேள்வி, நாள்தோறும் ஸேவாகாலத்தில் வாய்விட்டுச் சொல்லும் நம்மைப் பார்த்துக் கேட்டது.

ஊர் அவரை விலக்கி வைத்தது. அவர் திருமாளிகையை முள்வேலி இட்டு அடைத்தார்கள். உத்ஸவத்தில் நம்பெருமாள் அந்த வீதிக்கு எழுந்தருளியபோது, அவர் திருமகளார் அத்துழாய் வெளியே வந்து முறையிட்டாள். முள்ளை அகற்றும் வரை திருத்தேர் நகரவில்லை என்பர்.

அடியேன்,
ராமாநுஜ தாஸன்