மூடிய மனத்தின் உரிமை

கொடியவன் என்று உறுதியாகத் தெரிந்த ஒருவனின் மனத்துக்குள் அவன் சம்மதமின்றி நுழையலாமா? நுழைந்தால் பல உயிர்கள் பிழைக்கும் என்றால்?

இந்தக் கேள்விக்கு அஞ்சாமல் முகம் கொடுத்த ஒரு மெய்யியல், கற்பனை உலகம் ஒன்றில் இருக்கிறது. ஜே. ஆர். ஆர். டோல்கீன் தம் மிடில் எர்த் உலகுக்காக 1960-ஐ ஒட்டி எழுதிய ‘ஓசன்வே-கென்டா’ என்ற சிறு கட்டுரையில் அது உள்ளது. அவர் மறைந்து கால் நூற்றாண்டு கழித்து, 1998-ல்தான் அது அச்சேறியது. மனத்திலிருந்து மனத்துக்கு எண்ணம் நேரே செல்வதைப் பற்றிய ஆய்வு அது. பெங்கொலோத் என்ற எல்ஃப் அறிஞரின் கருத்துகளாக அதை டோல்கீன் அமைத்திருக்கிறார்.

மனங்கள் ஆற்றலில் வேறுபடலாம், தகுதியில் எல்லாம் சமம் என்கிறார் பெங்கொலோத். உலகைக் காக்கும் வாலர்களுக்கும் உடலெடுத்துப் பிறந்த எளிய உயிர்களுக்கும் இது பொருந்தும். மனம் இயல்பாகவே திறந்திருப்பது. ஆனால் அது ஒருமுறை ‘வேண்டாம்’ என்று மூடிக்கொண்டால், படைத்தவனான எருவைத் தவிர வேறெவரும் அதை உடைத்துப் புக முடியாது. மூடுவது குற்றத்தின் அடையாளமும் ஆகாது. தனிமை நாடியும் மூடலாம். ‘ஒளிக்க ஒன்றுமில்லாதவன் ஏன் தயங்க வேண்டும்’ என்று கேட்டு அடுத்தவரின் அந்தரங்கத்தைக் கிளறுகிறவர்கள் இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும்.

தீமையின் தலைவனான மெல்கோரும் இந்தத் தடையில் முட்டித் தோற்றான். பிறகு வேறு வழி கண்டான். அசந்திருக்கும் மனங்களிடம் நண்பனாகப் போனான். நீ கேட்டதெல்லாம் தரும் வள்ளல் நான், உன்மேல் எனக்குத் தனி அன்பு, என்னை நம்பினால் போதும் என்று ஆளுக்கேற்றபடி பேசினான். கதவு உள்ளிருந்தே திறந்தது. பலாத்காரத்தைவிட இதுவே கொடிது. அடிபட்டவனுக்குத் தான் அடிபட்டது தெரியும். இப்படிச் சம்மதித்தவனுக்கு நேர்ந்தது என்னவென்றே தெரியாது.

மெல்கோர் பிடிபட்டுச் சிறையிருந்து, மனம் திருந்தியவன்போல நடித்தான். வாலர்களின் தலைவன் மன்வே, சொன்ன சொல்படி அவனை விடுவித்தான். விளைவு கொடியது: அவனால் ஒளி தந்த இரண்டு மரங்கள் அழிந்தன, எல்ஃப் அரசன் ஃபின்வே கொல்லப்பட்டான். மன்வே ஏமாளியா? பெங்கொலோத் மறுக்கிறார். நல்லதை நினைத்தே ஆனாலும் மன்வே தன் வாக்கை மீறியிருந்தால், மெல்கோரின் பாதையில் ஓர் அடி வைத்தவனாகியிருப்பான். அறத்தின் பேரால் ஆள்பவன் என்ற நிலை போய், தோற்றவனை மிதிக்கும் இன்னொரு அரசன் மட்டுமே மிஞ்சியிருப்பான்.

வலுவான வாதம்தான். ஆனால் மன்வேயின் கை கறைபடாமல் இருந்ததற்கு விலை கொடுத்தவன் மன்வே அல்ல. செத்தவன் ஃபின்வே. தன் நேர்மைக்காகத் தானே இழப்பது ஒன்று. பிறர் இழக்கப் பார்த்திருப்பது வேறு. இந்தத் தராசுத்தட்டை லேசாக எண்ணிக் கடந்துவிட முடியாது.

நம் உலகில் சிக்கல் இன்னும் கூடுதல். அங்கே மூடிய மனத்தை இயற்கையே காக்கிறது. இங்கே அந்தக் காவல் இல்லை. ஒரு மருந்தூசி நாவின் கட்டைத் தளர்த்திவிடும். ஆகவே அங்கே இயற்கை செய்வதை இங்கே சட்டம் செய்தாக வேண்டும். செல்வி எதிர் கர்நாடக அரசு வழக்கில் 2010-ல் இந்திய உச்ச நீதிமன்றம் அதைச் செய்தது: சம்மதமின்றி எவருக்கும் மருந்தூசி ஏற்றி விசாரிக்கும் நார்கோ சோதனையோ, பொய் கண்டறியும் சோதனையோ, மூளை மின்னலைச் சோதனையோ நடத்தக் கூடாது. குற்றம் எவ்வளவு கொடியதாயினும் இந்த வரம்பு நிற்க வேண்டும். விதிவிலக்கு கேட்டு முதலில் வருவது எப்போதும் மிகக் கொடிய வழக்குதான். அதற்குத் திறந்த வழியில் பிறகு சந்தேகப்பட்டவர்கள் எல்லாரும் இழுத்து வரப்படுவார்கள்.

அந்தத் தீர்ப்பு தானாக முன்வந்து தரும் சம்மதத்தை, பாதுகாப்பு விதிகளோடு, ஏற்கிறது. காவலில் இருப்பவனின் சம்மதம் எத்தகையது என்பதே மிச்சமிருக்கும் கேள்வி. இதற்கும் டோல்கீனின் உலகில் ஒரு வழக்கு உண்டு. கோண்டோலின் என்ற மறைநகரம் எங்கே இருக்கிறது என்பதை மெல்கோரிடம் சொன்னவன் மைக்லின். அவன் மனத்தை யாரும் உடைக்கவில்லை. பிடித்துக் கொண்டுபோய்ச் சித்திரவதை செய்வோம் என்று மிரட்டினார்கள், பிறகு ஆசை காட்டினார்கள், அவனே சொன்னான். ஏட்டில் எழுதினால் அதுவும் சம்மதம்தான்.

அந்த நகரம் எரிந்தபோது தப்பி ஓடிய அகதிகளில் ஒருவர் பெங்கொலோத். மன்வே அன்று வாக்கை மீறியிருந்தால் அவருடைய ஊர் அழிந்திருக்காது. அது தெரிந்தும் அவர் மன்வேயின் பக்கம் நிற்கிறார். இழந்தவரே சொல்வதால் அந்த வாதத்துக்குக் கனம் கூடுகிறது. ஆனால் அவர் தம் இழப்பைத்தான் மன்னிக்க முடியும். ஃபின்வேயின் மக்கள் சார்பில் அதைச் சொல்ல அவருக்கு உரிமை உண்டா என்ற கேள்விக்கு அந்தக் கட்டுரையில் விடை இல்லை.